சொல்லாத பேர்

எங்கள் பக்கத்தில் புருஷன் பேரைச் சொல்கிற பெண்ணுக்கு நல்ல பேர் கிடையாது. நான் இரண்டையும் பார்த்தவள். சொல்லாமல் இருந்து கொஞ்ச காலம் நல்ல பேர் வாங்கினேன், பிறகு தெருவே கேட்கும்படி சொல்லிக் கெட்ட பேர் வாங்கினேன். இரண்டுமே எனக்குத் தேவைப்பட்டன. இதில் யாருடைய பேரையும் எழுதப் போவதில்லை. பயம் ஒன்றும் இல்லை. எங்கள் காலத்தில் பேர்தான் மருந்து, அதைக் கண்ட இடத்தில் கொட்டி வைக்க எனக்கு மனம் வரவில்லை.

இப்போதுள்ள பிள்ளைகளிடம் உதிர்வு நோயைப் பற்றிச் சொன்னால், கதை விடுகிறேன் என்கிறார்கள். அவர்களுக்கெல்லாம் பிறந்ததும் ஊசி போட்டாயிற்று, இனி வராது. அறுபதுகளில் அருப்புக்கோட்டையிலும் திருச்சுழியிலும் சுற்றியுள்ள ஊர்களிலும் தெருவுக்கு ஒன்றிரண்டு பேருக்காவது உதிர்வு இருந்தது. மழை பொய்த்த வருஷங்களில் கூடுதலாக வந்தது. கண்மாய்த் தண்ணீரால் வருகிறது என்றார்கள், கரிசல் புழுதியால் என்றார்கள், பருத்திக்கு அடிக்கிற மருந்தால் என்றார்கள். எதுவும் நிரூபணமாகவில்லை. காய்ச்சல் இருக்காது, வலி இருக்காது. நினைவு மட்டும் மேலேயிருந்து உதிரும். முதலில் நேற்று நடந்தது போகும், பிறகு போன மாதம், பிறகு போன வருஷம். அப்படியே பின்னால் போய்க்கொண்டே இருக்கும். முழுக்க உதிர்ந்தவர்கள் கைக்குழந்தையைப் போல மலங்க மலங்க விழித்துக்கொண்டு கிடந்து செத்தார்கள்.

அதற்கு மருந்து ஒன்றுதான். நோயாளி காலையில் கண் விழிக்கும்போது, அவரோடு ஒரே உலைச் சோறு சாப்பிடுகிற ஒருவர் முகத்துக்கு நேரே நின்று பேரைச் சொல்லிக் கூப்பிட வேண்டும். கூப்பிட்டால் அன்றைக்கு உதிராது. போனது திரும்பி வராது, இருக்கிறது அப்படியே நிற்கும். ஏன் என்று டாக்டர்களுக்கே தெரியவில்லை. ரேடியோவில் பேர் படித்துப் பார்த்தார்கள், டேப்பில் பதிந்து போட்டுப் பார்த்தார்கள். நோய் மசியவில்லை. வீட்டு மனுஷர் தொண்டைதான் வேண்டும் என்றது. அதனால் அரசாங்கம் பேர் இலாகா என்று ஒன்றைத் தொடங்கியது. விடிகிற நேரத்தில் ஊருக்கு ஊர் சங்கு ஊதும். பேர்ச் சங்கு என்போம். அது ஊதியதும் வீட்டுக்கு வீடு பேர் கேட்கும். நோயில்லாத வீட்டிலும் ஒரு காப்புக்குக் கூப்பிட்டுக்கொள்வார்கள். அருப்புக்கோட்டை நெசவாளர் தெருக்களில் தறிச் சத்தம் எழும்புவதற்கு முன்னால் கொஞ்ச நேரம் பேர்ச் சத்தம்தான். உள்ளே தெலுங்கு பேசினால் என்ன, கன்னடம் பேசினால் என்ன, பேர் எல்லாப் பாஷைக்கும் பொது.

வீட்டாள்தான் பேர் சொல்ல வேண்டும் என்று சட்டம் போட்டவர்கள் மதராஸில் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து போட்டார்கள். பெண்டாட்டி எங்கேயாவது புருஷனைப் பேர் சொல்லிக் கூப்பிடுவாளா என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. எங்கள் பெண்கள் என்னென்னவோ செய்து பார்த்தார்கள். சாமி பேர் வைத்த புருஷனின் முன்னால் நின்று, சாமியைக் கும்பிடுகிற மாதிரி உரக்கக் கூப்பிட்டாள் ஒருத்தி. நோய் அசையவில்லை. சாமியைத்தான் கூப்பிடுகிறாள் என்று நோய்க்கும் தெரிந்திருக்கிறது. இன்னொருத்தி பேரில் முன்பாதியைத் தான் சொல்லிவிட்டுப் பின்பாதியை மாமியாரைச் சொல்ல வைத்தாள். தான் சொன்ன பாதிதான் பிள்ளையைக் காப்பாற்றியது என்று அந்த மாமியார் சாகிறவரை சொல்லிக்கொண்டிருந்தாள். பெரும்பாலான வீடுகளில் தாயோ தகப்பனோ அண்ணனோ இருந்ததால் பிழைத்தார்கள்.

ஆண்களுக்கு அப்படித் தடை ஒன்றும் கிடையாது. ஆனாலும் எங்கள் பக்கத்து ஆண்கள் பெண்டாட்டியைப் பேர் சொல்லிக் கூப்பிட்டுப் பழகியவர்கள் இல்லை. 'ஏ புள்ள', 'இந்தாரு', 'ஏய்' என்பதிலேயே ஒரு குடித்தனம் முடிந்துவிடும். எனக்கு உதிர்வு வந்தபோது என் புருஷன் அந்தப் பழக்கத்துக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார்.

எனக்கு நோய் வந்தது எனக்கு ஞாபகம் இல்லை. அதுதானே நோய். கல்யாணமாகித் திருச்சுழியில் குடித்தனம் போட்ட முதல் சில மாதங்கள் ஞாபகம் இருக்கின்றன. அதற்கு அடுத்த ஞாபகம் பாலவனத்தத்தில், முன்பின் பார்க்காத ஒரு வீட்டில். அவர் என் முகத்துக்கு நேரே நின்று என் பேரைச் சொல்கிறார். வெளியே அவருடைய பலசரக்குக் கடை, அதுவும் புதுசு.

"மூணு வருஷம் உதிர்ந்துபோச்சு. இனி போகாது, நான் கூப்பிட்டுக்கிறேன்" என்றார்.

"அந்த மூணு வருஷத்துல என்ன நடந்துச்சு?"

"என்ன நடக்கும். மழை இல்ல. புள்ள ஒண்ணு பொறந்து, பொறக்கும்போதே செத்துப்போச்சு. அதக் கேட்டு என்ன செய்யப்போற."

வயிற்றில் கோடு கோடாகத் தழும்பு இருந்தது, அதனால் நம்பினேன். வேறு யாரிடமும் போய்க் கேட்க எனக்குத் தாய் தகப்பன் இல்லை. முகம் தெரியாத பிள்ளைக்காக அழுதேன். அது ஆணா பெண்ணா என்றுகூட அவர் சொல்லவில்லை, நானும் கேட்கப் பயந்தேன். எங்களுக்கு அதன்பிறகு பிள்ளை இல்லை.

அவருக்கு ஒரே ஒரு அக்கா, பந்தல்குடியில். தாயில்லாத தம்பியை வளர்த்து ஆளாக்கியவள். தூத்துக்குடி ரோட்டோரம் அவள் புருஷனுக்குச் சாப்பாட்டுக் கடை, லாரிக்காரர்கள் வந்து சாப்பிடுவார்கள். என் கல்யாணத்தின்போது அவளுக்குப் பிள்ளை இல்லை. நான் மறதியிலிருந்து மீண்டு பார்த்தால் இரண்டு வயதில் ஒரு பெண் பிள்ளை ஓடித் திரிந்தது. மூன்று வருஷத்தில் உலகத்தில் என்னென்னவோ நடந்திருக்கும், நாத்தனாருக்குப் பிள்ளை பிறந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். சந்தோஷமும் பட்டேன். பொங்கலுக்கும் அதையொட்டி நடக்கிற பொருட்காட்சிக்கும் சேவும் மல்லிகைப் பூவும் கொண்டுபோவேன். அந்தப் பிள்ளை என்னை அத்தை என்று கூப்பிடும். தூக்கப் போனால் நாத்தனார் தடுப்பாள்.

"தூக்காத. உதிர்வு வந்த கை. சின்னப் புள்ளைக்கு ஒட்டிக்கிரும்."

நானும் கையை முந்தானைக்குள் இழுத்துக்கொள்வேன். அதை இப்போது நினைத்தாலும் எனக்குப் பல்லைக் கடிக்கத் தோன்றுகிறது.

ஆறேழு வருஷம் இப்படிப் போனது. ஒரு நாள் பாலவனத்தத்துக்கு ஒரு வளையல்காரி வந்தாள். திருச்சுழிக்காரி. என் வாசலில் கூடையை இறக்கி, என் கையைப் பிடித்து அமுக்கி வளையல் ஏற்றிக்கொண்டே முகத்தைப் பார்த்தாள்.

"தாயி, நீயா? உனக்கு வளைகாப்புக்கு வளையல் போட்டது நான்தான். மக எப்படி இருக்கா? முழங்கையில சுட்டுக்கிட்டாளே, புண்ணு தழும்பாயிருச்சா?"

"எனக்கு ஏது மக. செத்தில்ல பொறந்துச்சு."

அவள் கை நின்றுவிட்டது. "யாரு சொன்னா?"

சொன்னேன். அவள் கூடையை மூடிவிட்டு, உள்ளே வந்து கதவைச் சாத்திக்கொண்டு பேசினாள்.

"உன் மகளுக்கு ரெண்டு வயசு இருக்கும்போது உனக்கு உதிர்வு வந்துச்சு. பேரு சொல்லிக் கூப்பிடுங்கன்னு ஆபீஸ்ல சொல்லிட்டுப் போனாக. உன் வீட்டுக்காரரு கூப்பிடல. நான் உங்க வீட்டுல கஞ்சி குடிச்சிட்டு நாலு நாளு இருந்து கூப்பிடுறேன்னு வந்தேன். வாசல்லயே மறிச்சுட்டாரு. உள்ள அவுக அக்கா பேசுனது என் காதுல விழுந்துச்சு. 'புள்ளையச் சொமந்த ஞாவகம் போற வரைக்கும் விட்டுரு. அதுக்கப்புறம் கூப்பிட்டுக்கோ. அவளும் அழ மாட்டா, நமக்கும் வம்பு இல்ல'ன்னு சொன்னாக. மறுமாசம் பாத்தா வீடு பூட்டிக் கெடக்கு."

எனக்கு அழுகை வரவில்லை. வயிறு எரிந்தது. பேச்சுக்குச் சொல்லவில்லை, மிளகாய் வற்றல் அரைத்த கையை வயிற்றில் வைத்துத் தேய்த்த மாதிரி நிஜமாகவே எரிந்தது. ஒரு பெண்ணிடமிருந்து பிள்ளையைப் பிடுங்கியவர்களைக் கேள்விப்பட்டிருக்கிறேன். பிடுங்கியதே அவளுக்குத் தெரியாமல் செய்தவர்களை அன்றைக்குத்தான் கேள்விப்பட்டேன். அதில் ஒருவருக்கு நான் சாயங்காலம் இட்லிக்கு ஆட்டி வைக்க வேண்டும்.

அடுத்த வாரமே பந்தல்குடிக்குப் போனேன். அந்தப் பிள்ளை தொட்டியடியில் கை கழுவிக்கொண்டிருந்தாள். முழங்கையில் புளியங்கொட்டை அளவு தழும்பு. அத்தனை வருஷம் என் கண்ணில் படாமல் அவளுக்கு நீளக் கைச் சட்டையாகவே தைத்துப் போட்டிருக்கிறாள் நாத்தனார்.

"இது எங்க பட்டுச்சு?" என்றேன்.

"தெரியல அத்தை. பொறக்கும்போதே இருந்துச்சுன்னு அம்மா சொல்லுச்சு."

அருப்புக்கோட்டையில் பேர் ஆபீஸுக்குப் போனேன். வடக்கேயிருந்து வந்த அதிகாரி, கூடுதலாகவும் பேச மாட்டார், குறைவாகவும் பேச மாட்டார்.

"பிள்ளை பெத்த ஞாபகம் இருக்கா?"

"இல்லைங்கய்யா."

"அப்படின்னா நீங்க உரிமை கேட்க முடியாது. உதிர்ந்தவங்க உதிர்ந்த காலத்துக்கு எதையும் கோரக் கூடாதுன்னு சட்டம் இருக்கு. ஆளாளுக்கு வந்து, மறந்துட்டேன், அது என் வீடு, இது என் கிணறுன்னு கிளம்பினா என்ன செய்யறது?"

"என் வீட்டுக்காரருக்கு ஞாவகம் இருக்கு. அவரை முள்ளுப் பெட்டியில உக்கார வச்சுக் கேளுங்க."

முள்ளுப் பெட்டி என்பது அந்த ஆபீஸில் இருந்த மிஷின். இரண்டு பித்தளைக் கிண்ணத்தை நெற்றிப் பொட்டில் வைத்தால், கண்ணாடிக்குள் ஒரு முள் நகர்ந்து நினைவு எந்த வருஷம் வரைக்கும் நிற்கிறதோ அந்த வருஷத்தில் போய் நிற்கும். பொய் சொன்னால் நடுங்கும்.

"சுகமா இருக்கிறவரை அவர் சம்மதம் இல்லாம உட்கார வைக்க முடியாதும்மா. நோயாளின்னா வீட்டில் உள்ளவங்க கேட்டாலே போதும்."

அந்தக் கடைசி வார்த்தையை முந்தானையில் முடிந்துகொண்டு பஸ் ஏறினேன்.

அதன்பிறகு நாலைந்து வருஷம் அந்த மனுஷனுக்குச் சோறு போட்டேன். வேட்டி துவைத்தேன். தலைவலி என்றால் பத்துப் போட்டேன். எனக்குத் தெரியும் என்பதை மட்டும் காட்டிக்கொள்ளவில்லை. தெரிந்தால் என் மகளை எங்கேயாவது கண்காணாத ஊருக்கு அனுப்பிவிடுவார்கள். கோயிலில் நான் வேண்டிக்கொண்டது ஒன்றுதான், எழுத எனக்கு வெட்கமில்லை. அவருக்கு உதிர்வு வர வேண்டும். எனக்கு என் பிள்ளை வேண்டும். இந்த இரண்டும் எனக்கு ஒரே வேண்டுதலாகத்தான் இருந்தது.

எழுபதுகளில் மழை இல்லாத ஒரு வருஷம் வந்தது. கடைக்கு லோடு வந்து இறங்கியது. மறுநாள் காலையில், லோடு ஏன் இன்னும் வரவில்லை என்று கேட்டு ஆள் அனுப்பினார். மூட்டைகள் அவருக்குப் பின்னாலேயே அடுக்கியிருந்தன. எனக்குப் புரிந்துவிட்டது. அன்றைக்குப் பாயசம் வைத்தேன்.

பேர் ஆபீஸில் முள்ளுப் பெட்டியைப் பார்க்கிற நர்ஸம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னாள். "வீட்டில வேற ஆள் இல்ல. நீங்கதான் தினம் கூப்பிடணும்."

நான் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டேன். "அவுக பேர என் வாயால எப்படிம்மா சொல்லுவேன்?"

"சொல்லலைன்னா ஆளே போயிருவார்."

"எங்க ஆத்தா சொல்லல. நானும் சொல்ல மாட்டேன். எனக்குத் தாலி பாக்கியம் இருந்தா நிப்பாக."

நர்ஸம்மா தலையில் அடித்துக்கொண்டாள். எங்கள் தெருவில் என்னைக் கொண்டாடினார்கள். புருஷன் பேரைச் சொல்லிப் பிழைக்க வைத்த மருமகள்களை வைத்துக்கொண்டு, மாமியார்கள் என்னைக் காட்டிக் குத்திப் பேசினார்கள். பொம்பளைன்னா அவ பொம்பளை என்றார்கள். சிரிப்பு வராமல் முகத்தை வைத்துக்கொள்வதுதான் எனக்குப் பெரும்பாடாக இருந்தது.

தொடக்கத்தில் அவருக்கு விவரம் இருந்தது. சங்கு ஊதும், கண் விழிப்பார், என் வாயையே பார்ப்பார்.

"ஏ புள்ள, ஒருவாட்டி சொல்லு. யாருக்கும் தெரியாது. மெதுவாச் சொல்லு."

நான் காபித் தம்ளரைப் பக்கத்தில் வைத்துவிட்டு நிற்பேன்.

"உனக்கு வந்தப்ப நான் கூப்பிடலையா?" என்றார் ஒரு நாள்.

"எப்பக் கூப்பிட்டீக? புள்ளைய மறந்ததுக்கு முந்தியா, பிந்தியா?"

தம்ளர் அவர் கையில் நின்றது. என் முகத்தைப் பார்த்தார். எனக்குத் தெரியும் என்பது அவருக்குத் தெரிந்துவிட்டது. எத்தனையோ வருஷமாக நான் காத்திருந்த பார்வை அது. ஆனால் மறுநாள் காலையில் அதுவும் உதிர்ந்துவிட்டது. பழையபடி 'ஏ புள்ள, ஒருவாட்டி சொல்லு' என்றார். எனக்கு ஆத்திரமாக வந்தது. தெரிந்துகொண்டதை வைத்துக்கொண்டு ஒரு வாரமாவது வெந்துகொண்டிருக்கக் கூடாதா?

சேதி தெரிந்து நாத்தனார் வந்தாள். மகளைக் கூட்டி வரவில்லை. எங்கள் வீட்டில் தங்கி, எங்கள் சோற்றைச் சாப்பிட்டு, தினம் தம்பியைப் பேர் சொல்லிக் கூப்பிட்டாள். உதிர்வு நின்றது. என் திட்டம் போனது என்றே நினைத்தேன். அப்போது அவருக்குப் பத்து வருஷத்துக்கு முந்திய கதைதான் நேற்றைய கதை. நான் அடுப்படியில் இருக்கும்போது அக்காவிடம் கேட்டார்.

"அக்கா, புள்ளை உன்னைய அம்மான்னு கூப்பிடுறாளா? இவ ஒண்ணும் சந்தேகப்படலையே?"

நாத்தனார் என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் ரசத்துக்குத் தாளித்துக்கொண்டிருந்தேன். கடுகு வெடித்த சத்தத்தில் காதில் விழவில்லை என்று அவள் நினைத்திருக்கலாம். அன்றைக்கு மத்தியானமே பையை எடுத்துக்கொண்டாள். கடையைப் பார்க்க ஆள் இல்லை என்றாள். தம்பியைப் பந்தல்குடிக்குக் கூட்டிப்போயும் கூப்பிட்டிருக்கலாம். ஆனால் அங்கே அந்தப் பிள்ளை இருக்கிறாள், தம்பி எதையாவது உளறி வைப்பார். வளர்த்த தம்பியா, பிடுங்கிய பிள்ளையா என்று வந்தபோது அவள் தம்பியை விட்டாள்.

அவள் போன மறுநாளிலிருந்து மறுபடி உதிர ஆரம்பித்தது. மாதா மாதம் அவரை அருப்புக்கோட்டைக்கு பஸ்ஸில் கூட்டிப்போனேன். ஜன்னல் ஓரத்தில் உட்கார வைத்து, வெயில் படாமல் துண்டு போர்த்திவிடுவேன். பார்க்கிறவர்கள் உச்சுக்கொட்டுவார்கள். நான் போனது முள்ளைப் பார்க்க. கண்ணாடிக்குள் முள் ஒவ்வொரு வருஷமாகக் கீழே இறங்கிக்கொண்டிருந்தது. பாலவனத்தத்துக் கடை போனது. இந்த வீடு போனது. காலையில் எழுந்து திருச்சுழிக் கிணற்றடியைத் தேடிக் கொல்லைப் பக்கம் போய் முட்டிக்கொண்டு நின்றார்.

ஒரு நாள் கண் விழித்ததும் விட்டத்தைப் பார்த்தார்.

"தொட்டில் எங்க? பாப்பா எங்க? அவ அழுவுற சத்தமே கேக்கல."

சுவரைப் பிடித்துக்கொண்டேன். என் மகளைப் பற்றி அவர் வாயிலிருந்து எனக்குக் கிடைத்த முதல் சேதி, அவள் அழுவாள் என்பது.

"பக்கத்து வீட்டுல தூக்கிட்டுப் போயிருக்காக" என்றேன்.

"முழங்கையில மருந்து போட்டியா? அடுப்புச் சட்டிய இனி கீழ வைக்காத." பிறகு அவராகவே சொன்னார். "நேத்து அக்கா வந்து மறுபடியும் கேட்டுச்சு. குடுக்க மாட்டேன்னு சொல்லிட்டேன். எம்புள்ளைய நான் எதுக்குக் குடுக்கணும்."

நான் காத்திருந்த இடம் இதுதான். முன்னாலேயே முள்ளுப் பெட்டியில் உட்கார வைத்திருந்தால் முள் நடுங்கிப் பொய் என்று மட்டும் காட்டியிருக்கும், பிள்ளையின் சேதி அவர் வாயிலிருந்து வந்திருக்காது. இன்னும் கொஞ்சம் உதிர்ந்தால் பிள்ளையே போய்விடும். பிள்ளை போனால் அவளை நான் பெற்றேன் என்று சொல்ல உலகத்தில் சாட்சி கிடையாது. பகலில் கண்ணயர்ந்தால் அதிலும் உதிர்ந்துவிடுமோ என்று அன்றைக்குப் பொழுது சாயும்வரை அவரைத் தூங்கவிடாமல் பேச்சுக் கொடுத்தேன். மறுநாள் அவர் கண் விழிக்கிற நேரத்தில் சங்கு ஊதியது. வாசல் கதவை அகலமாகத் திறந்து வைத்துவிட்டு வந்து, முகத்துக்கு நேரே நின்று அவர் பேரைச் சொல்லிக் கூப்பிட்டேன். பழகாத வார்த்தை, முதல் தடவை பாதியில் நின்றது. மறுபடி கூப்பிட்டேன். எதிர் வீட்டுக்காரி சாணிக் கையோடு எட்டிப் பார்த்தாள். இன்னொரு தடவை அவளுக்காகவும் சேர்த்துக் கூப்பிட்டேன். பத்தினி என்றவர்களெல்லாம் அன்றைக்கே வாயை மாற்றிக்கொண்டார்கள். வெட்கங்கெட்டவள் என்றார்கள். சொல்லிக்கொள்ளட்டும்.

முள் அந்த வருஷத்திலேயே நின்றது. அவர் எனக்குச் செய்த கணக்கைத்தான் நான் அவருக்குச் செய்தேன். பிள்ளை உதிரும்வரை விட்டுவிட்டுப் பிறகு கூப்பிட்டார் அவர். பிள்ளை வந்து சேரும்வரை விட்டுவிட்டுப் பிறகு கூப்பிட்டேன் நான். எனக்கு அப்போது இளம் வயது, நோய் நின்றபிறகு புது நினைவு ஒட்டியது. அவர் வயதுக்கு ஒட்டவில்லை. அதனால் தினமும் காலையில் ஒரே பேச்சுதான்.

"பாப்பா எங்க?"

"உங்க அக்காவுக்குக் குடுத்துட்டீக."

"நானா?"

"நீங்கதான்."

அவர் நம்ப மாட்டார். பிறகு நம்புவார். நெற்றியில் அடித்துக்கொண்டு அழுவார். நான் முழுவதும் பார்ப்பேன். அது முடிந்தபிறகு காபி கொடுத்து, பாப்பாவைப் பற்றிச் சொல்லுங்க என்பேன். சொல்லுவார். தண்ணியை நன்னி என்பாளாம். காக்காயைப் பார்த்தால் என் சேலைக்குள் புகுந்துகொள்வாளாம். நான் வீடு கூட்டினால் பின்னாலேயே வந்து குப்பையைக் கலைப்பாளாம். எனக்கு இல்லாமல் ஆக்கியதையெல்லாம் அவர் வாயாலேயே திரும்ப வாங்கினேன்.

நர்ஸம்மா ஒரு நாள் கேட்டாள். "இப்ப இருக்கிற மனுஷன் ஒண்ணும் செய்யலையேம்மா. செஞ்சவர்தான் உதிர்ந்து போயிட்டாரே. இவரை ஏன் அழ வைக்கிறீங்க?"

"செஞ்சவரு முகமும் இதேதான்" என்றேன். அதற்கு மேல் எனக்குப் பதில் தெரியாது. இன்றைக்கும் தெரியாது, தேடவும் இல்லை.

பிறகு அதிகாரியிடம் போய், நோயாளியின் வீட்டுக்காரி என்ற முறையில் கேட்டேன். சோதனை வைத்தார்கள். பிள்ளை உண்டா என்றார்கள், உண்டு என்றார். ஆணா பெண்ணா, என்ன அடையாளம், யார் பெற்றது, எல்லாம் சொன்னார். முள் ஆடவில்லை. பந்தல்குடிக்கு ஆள் போயிற்று. நாத்தனாரும் அவள் புருஷனும் என் மகளும் வந்தார்கள். பதின்மூன்று வயதிருக்கும் அவளுக்கு, என்னைவிட உயரம். ஆபீஸ் முழுக்க ஆட்கள். அவர் மகளை ஏறிட்டும் பார்க்கவில்லை. அவருக்கு அவள் யாரோ ஒரு பெண். அக்காவைப் பார்த்ததும் எழுந்தார்.

"அக்கா, பாப்பாவ எங்க விட்டுட்டு வந்த? தர மாட்டேன்னு சொல்லியும் தூக்கிட்டுப் போயிட்டியாமே. அவ முழங்கையில புண்ணு இன்னும் ஆறல, சட்டை உரசாமப் பாத்துக்கோ."

"தம்பிக்குப் புத்தி பெரண்டுபோச்சு" என்றாள் நாத்தனார்.

"அப்படின்னா நீங்க பெட்டியில உட்காருங்களேன்" என்றார் அதிகாரி. "கட்டாயம் இல்லை. உங்க இஷ்டம்."

"நான் எதுக்கு உக்காரணும்? எனக்கென்ன நோயா?"

என் மகள் தன் சட்டைக் கையை மேலே ஏற்றி முழங்கையைப் பார்த்தாள். பிறகு நாத்தனாரைப் பார்த்தாள். நாத்தனார் தலையைக் குனிந்துகொண்டாள். அந்தக் குனிந்த தலையை நான் ஆசை தீரப் பார்த்தேன். என் வயிறு குளிர்ந்தது.

பிள்ளை எங்களுடையது என்று உத்தரவானது. ஆனால் ஒரு மாதம் இருந்து பார்த்துவிட்டு, பிடிக்காவிட்டால் வளர்த்த வீட்டுக்கே போகலாம் என்றும் அதிகாரி சொல்லிவிட்டார். நாத்தனார் பஸ் ஏறும்போது வாரேன் என்று சொல்லவில்லை. எங்கள் பக்கம் சாவு வீட்டிலிருந்துதான் அப்படிச் சொல்லாமல் போவார்கள்.

பெண்ணைக் கூட்டி வந்துவிட்டேனே தவிர, வெற்றி என்று சொல்ல ஒன்றும் இல்லை. அவள் தகரப் பெட்டியைத் திறக்கவே இல்லை. சோற்றைக் கொறித்தாள். என்னை அத்தை என்றே கூப்பிட்டாள், அதையும் வேண்டா வெறுப்பாக. திடீரென்று ஒரு நாள் கேட்டாள்.

"என்னைய வாங்குறதுக்காகத்தான் இவுகள இப்படி ஆக்குனீங்களா?"

நான் பொய் சொல்லியிருக்கலாம். மனம் வரவில்லை. "ஆமா. அதுக்காகவும், என் ஆத்திரத்துக்காகவும்."

"அன்னைக்கு இவுக கூப்பிட்டிருந்தா, நீங்க என்னைய மறந்திருக்க மாட்டீங்கள்ல?"

"மாட்டேன்."

அவள் எழுந்து கொல்லைக்குப் போய்விட்டாள். இவள் நிற்க மாட்டாள், மாதம் முடிந்ததும் பெட்டியோடு போய்விடுவாள் என்று நினைத்தேன். என்னைப் பார்த்தால் அவளுக்குப் பயமாகக்கூட இருக்கும். அப்படி அவள் போனால் நான் செய்ததெல்லாம் வெறும் கொலைக்குச் சமம். அந்த நினைப்பில் எனக்குச் சோறு இறங்கவில்லை.

அதற்கு இரண்டு மூன்று நாள் கழித்து, சங்கு ஊதும்போது நான் எழுந்து வந்தேன். அவள் எனக்கு முந்திக்கொண்டு அவர் கட்டிலருகே நின்றாள். பெற்ற தகப்பனின் பேரை, இந்த ஊரில் எந்த மகளும் சொல்லாத மாதிரி, முகத்துக்கு நேரே நின்று சொன்னாள். அவர் கண் விழித்தார்.

"யாரும்மா நீ? பாப்பா எங்க?"

"நான்தான் பாப்பா. என்னைய உங்க அக்காவுக்குத் தூக்கிக் குடுத்துட்டீக. எங்க அம்மாவ மறக்க வச்சுட்டீக."

"நானா?"

"நீங்கதான்."

அவர் அழத் தொடங்கினார். அவள் கையைக் கட்டிக்கொண்டு நின்று, அழுது முடிகிறவரை முழுவதும் பார்த்தாள். அவசரப்படவில்லை. அதன்பிறகு தம்ளரை எடுக்க அடுப்படிக்கு வந்தவள், நிலைப்படியில் நின்ற என்னைத் தாண்டும்போது சொன்னாள்.

"நாளைக்கும் நானே சொல்லிக்கிறேன். நீ படுத்துக்கோம்மா."